பெட்டிக்குள் வந்த சபை

கிள்ளான் பள்ளத்தாக்குத் தமிழர் வரலாறு – 17

கி.பி. 180, ஜூலை 17. வட ஆப்பிரிக்காவின் கார்த்தேஜ் நகரம். ரோமானிய ஆளுநர் சத்துர்னினுஸின் முன்னால் ஸ்கில்லி என்ற சிற்றூரைச் சேர்ந்த ஒரு சிறு கூட்டம் நிற்கிறது. ஆணும் பெண்ணுமாகப் பன்னிரண்டு பேர். பேரரசனின் பெயரால் சத்தியம் செய்துவிட்டு வீட்டுக்குப் போங்கள் என்கிறார் ஆளுநர். அவர்கள் மறுக்கிறார்கள். விசாரணை நடுவே ஆளுநரின் கண் அவர்கள் கொண்டுவந்திருந்த பெட்டியின்மேல் விழுகிறது. உள்ளே என்ன இருக்கிறது என்று கேட்கிறார். கூட்டத்துக்காகப் பேசிய ஸ்பெராத்துஸ் பதில் சொல்கிறார்: சில நூல்கள், நீதிமானான பவுல் என்பவர் எழுதிய கடிதங்கள்.

யோசித்துப் பார்க்க முப்பது நாள் தவணை தருவதாக ஆளுநர் சொன்னார். யாரும் ஏற்கவில்லை. அன்றே தலை வெட்டப்பட்டது.

ஆப்பிரிக்கக் கிறிஸ்தவத்தைப் பற்றி நமக்குக் கிடைத்திருக்கும் மிகப் பழைய லத்தீன் ஆவணம் இந்த விசாரணைக் குறிப்புதான். கிள்ளான் பள்ளத்தாக்கைப் பற்றிய தொடரை எதற்காகக் கார்த்தேஜில் தொடங்குகிறேன் என்று வாசகர்கள் கேட்கலாம். காரணம் அந்தப் பெட்டி. கோயில் கட்டடம் இல்லை, நிலம் இல்லை, சட்டத்தின் பாதுகாப்பு இல்லை. கையில் இருந்தது ஒரு பெட்டியும் அதற்குள் இருந்த கடிதங்களும் மட்டுமே. அதுவும் அவர்களுக்கு எழுதிய கடிதங்கள் அல்ல. ரோமருக்கும் கொரிந்தியருக்கும் கலாத்தியருக்கும் நூறாண்டுக்கு முன்னால் எழுதியவை. ஊரார் கடிதத்தைத் தங்களுக்கு வந்த கடிதமாக ஒரு கூட்டம் வாசிக்கத் தொடங்குகிற இடத்தில் சபை பிறக்கிறது. பிரிக்பீல்ட்ஸிலும் கிள்ளானிலும் நடந்தது அதுவே.

சென்ற இதழில் 1886இல் கோலாலம்பூருக்கும் கிள்ளானுக்கும் இடையே ஓடத் தொடங்கிய ரயிலையும், அதன் பட்டறைகளையும் குவார்ட்டர்ஸ்களையும் சுற்றி வளர்ந்த பிரிக்பீல்ட்ஸையும் பார்த்தோம். அங்கே வந்து சேர்ந்த தமிழர்களில் ஒரு சிறுபான்மையினர் வரும்போதே கிறிஸ்தவர்கள். யாழ்ப்பாணத்திலிருந்து எழுத்தர்களாகவும் நிலைய அதிபர்களாகவும் வந்தவர்கள், திருநெல்வேலியிலிருந்தும் தஞ்சை, தரங்கம்பாடிப் பகுதிகளிலிருந்தும் வந்தவர்கள், கிள்ளானைச் சுற்றிய ரப்பர் தோட்டங்களுக்குக் கங்காணியோடு வந்தவர்கள் என்று பல வழி. இவர்களை மலாயாவில் எந்த மிஷனரியும் மதம் மாற்றவில்லை. ஐயர் வருவதற்கு முன்பே, ஆலயம் எழுவதற்கு வெகுகாலம் முன்பே, டிரங்குப் பெட்டியில் துணிமணிக்கு நடுவே வேதப்புத்தகமும் பாட்டுப்புத்தகமும் வந்துவிட்டன.

முதல் நூற்றாண்டுக்குக் கொஞ்சம் போவோம். புதிய ஏற்பாட்டிலேயே மிகப் பழையது சுவிசேஷம் அல்ல, கடிதம். தெசலோனிக்கேயருக்குப் பவுல் எழுதிய முதல் நிருபத்தை கி.பி. 50ஐ ஒட்டி வைக்கிறார்கள் அறிஞர்கள். அதன் முடிவில், இதைச் சகோதரர் எல்லாருக்கும் வாசித்துக் காட்ட வேண்டும் என்று கண்டிப்பாகச் சொல்கிறார். கொலோசெயருக்கு எழுதிய நிருபத்தில் இன்னொரு ஏற்பாடு: உங்களுக்கு வந்ததை லவோதிக்கேயருக்கு அனுப்புங்கள், அங்கிருப்பதை வாங்கி நீங்கள் வாசியுங்கள். ஓர் ஊர்ச் சபை அடுத்த ஊர்ச் சபையைத் தன் உறவாக உணர்ந்தது இப்படிக் கடிதம் கைமாறியதால்தான். பேதுருவின் முதல் நிருபமோ பொந்து, கலாத்தியா, கப்பதோக்கியா, ஆசியா, பித்தினியா என்று ஐந்து மாகாணங்களில் சிதறிக் கிடந்தவர்களுக்கு எழுதியது. பரதேசிகள், தற்காலக் குடிகள் என்ற பெயரில் அவர்களை அழைக்கிறது. அதே மூச்சில் நீங்கள் ஒரு ஜனம் என்றும் சொல்கிறது.

இதைக் கிள்ளான் பக்கத்துத் தோட்டம் ஒன்றின் லயத்தில் வைத்து நினைத்துப் பாருங்கள். ஞாயிறு மாலை. வாசிக்கத் தெரிந்தவர் அந்த லயத்தில் ஒருவரோ இருவரோ. உபதேசியார் மாதத்துக்கு ஒருமுறை வந்தால் அதிர்ஷ்டம். மண்ணெண்ணெய் விளக்கைப் பக்கத்தில் இழுத்து வைத்துக்கொண்டு ஒருவர் வாசிக்க, மற்றவர்கள் கேட்கிறார்கள். அந்நியரும் பரதேசிகளுமாயிருக்கிற உங்களுக்கு என்று வாசிப்பவர் சொல்லும்போது, கடல் கடந்து வந்து, கடனுக்குக் கட்டுப்பட்டு, யாரோ ஒருவரின் மண்ணில் மரம் சீவுகிறவர்களுக்கு விளக்கவுரை தேவைப்படவில்லை. ஆதிச் சபைகளிலும் பெரும்பாலோர் எழுதப் படிக்கத் தெரியாதவர்களே. அதனால்தான் வாசகர் என்பதையே ஒரு திருப்பணியாக அவர்கள் ஏற்படுத்தினார்கள். கி.பி. 155ஐ ஒட்டி ரோமில் எழுதிய ஜஸ்டின், ஞாயிறன்று நகரத்தாரும் நாட்டுப்புறத்தாரும் ஓரிடத்தில் கூடுவதையும், அப்போஸ்தலரின் நினைவுக்குறிப்புகளும் தீர்க்கதரிசிகளின் எழுத்துகளும் நேரம் இடங்கொடுக்கும் வரை வாசிக்கப்படுவதையும் விவரிக்கிறார். அதன்பின் பிரசங்கம், ஜெபம், அப்பம், ஏழைகளுக்கான காணிக்கை. பிரிக்பீல்ட்ஸ் ஆலயங்களில் இன்றைக்கும் ஞாயிறு காலை முறைமை ஏறக்குறைய இதுதான்.

ஆனால் ஒரே வேதம் எல்லாரையும் ஒன்றாக்கியது என்று எழுதிவிட்டு நகர்ந்தால் வரலாறு பொய்யாகிவிடும். பெட்டிகளில் வந்த புத்தகங்கள் ஒன்றாக இருக்கவில்லை.

1706இல் தரங்கம்பாடியில் இறங்கிய சீகன்பால்க் தமிழில் புதிய ஏற்பாட்டைப் பெயர்த்தார். 1715இல் அச்சு நிறைவேறியது. அவருக்குப் பின் வந்த பப்ரிசியுஸ் சென்னை வேப்பேரியில் உட்கார்ந்து பல்லாண்டுகள் உழைத்து அதைப் புதிதாக ஆக்கினார். புதுச்சேரியை 1761இல் ஆங்கிலேயர் பிடித்தபோது அங்கிருந்து எடுத்துவந்த அச்சு இயந்திரம் வேப்பேரிக்கு வந்தது. 1772இல் பப்ரிசியுஸின் புதிய ஏற்பாடு வெளிவந்தது. அவர் 1791இல் இறந்த பிறகே பழைய ஏற்பாடு முழுதாக அச்சேறியது. தரங்கம்பாடி மரபில் வளர்ந்த லுத்தரன் குடும்பங்களுக்கு வேதம் என்றால் இதுதான். அதன் வாசகத்தை மனப்பாடமாக்கித்தான் பிள்ளைகள் திடப்படுத்தல் பெற்றார்கள்.

பத்தொன்பதாம் நூற்றாண்டில் வந்த புதிய மிஷனரிகள் அந்த மொழிபெயர்ப்பில் கைவைத்தபோது பெரும் புயல் எழுந்தது. திருநெல்வேலியில் பணிசெய்த ரேனியுஸ் எளிய தமிழில் திருத்தம் செய்ய முனைந்தார். யாழ்ப்பாணத்தில் பீட்டர் பெர்சிவலும் ஆறுமுக நாவலரும் சேர்ந்து உழைத்த மொழிபெயர்ப்பு 1850இல் வந்தது. சென்னையில் அதை ஏற்கவில்லை. கடைசியில் பவர் ஐயர் தலைமையில் ஒரு குழு கூடி, 1871இல் ஐக்கிய மொழிபெயர்ப்பு என்று இன்று அறியப்படும் வேதாகமத்தை முடித்தது. ஆங்கிலிக்கரும் மெதடிஸ்டுகளும் மற்றவர்களும் அதை ஏற்றுக்கொண்டார்கள். லுத்தரன்கள் பப்ரிசியுஸை விடவில்லை.

ஆகவே பிரிக்பீல்ட்ஸில் பக்கத்துப் பக்கத்துக் குவார்ட்டர்ஸில் குடியிருந்த யாழ்ப்பாண மெதடிஸ்டும் தஞ்சாவூர் லுத்தரனும் ஞாயிறன்று வெவ்வேறு புத்தகத்தை எடுத்துக்கொண்டு வெவ்வேறு வாசலுக்குப் போனார்கள். ஒருவர் தேவன் என்று ஜெபித்தார், மற்றவர் பராபரன் என்றார். மூன்றாவது வீட்டுக் கத்தோலிக்கர் சருவேசுரன் என்றார். வேலை ஒன்று, முதலாளி ஒருவர், சம்பள நாளும் ஒன்றே. கோட்பாட்டு வேறுபாடுகளைச் சாதாரண விசுவாசி எத்தனை பேர் விளக்கிச் சொல்லியிருப்பார்கள்? என் கணிப்பில், இவர்களைத் தனித்தனிச் சபையாக நிறுத்தியதில் கோட்பாட்டைவிடக் காதில் பழகிய வாசகத்துக்கே பங்கு அதிகம்.

பிரிக்பீல்ட்ஸ் ஜாலான் அப்துல் சமாட்டில் இருக்கும் சீயோன் லுத்தரன் ஆலயம் இந்த வரலாற்றின் நேர் வாரிசு. கட்டடம் 1924ஆம் ஆண்டுக்குரியது. அதற்கும் முன்பிருந்தே லுத்தரன் குடும்பங்கள் இங்கே கூடிவந்தன. தாய்ச்சபையான தமிழ் சுவிசேஷ லுத்தரன் திருச்சபை 1919இல் தமிழ்நாட்டில் தன்னாட்சி பெற்றது. அங்கிருந்து போதகர்கள் கப்பலில் வந்து இந்தச் சபைகளைப் பேணினார்கள். 1960களில் மலேசிய லுத்தரன் திருச்சபை தனித் திருச்சபையாக நின்றது. சீயோன் அதன் பேராலயமாக விளங்குகிறது.

இந்த மரபில் ஒரு கசப்பும் இருக்கிறது. அதை மறைத்து எழுத எனக்கு மனமில்லை. தஞ்சை வேதநாயக சாஸ்திரியாரின் (1774–1864) பாட்டைப் பாடாத தமிழ்ப் புராட்டஸ்டண்ட் சபை உலகில் இல்லை எனலாம். பெத்லகேம் குறவஞ்சி அவர் படைப்பு. புதிய மிஷனரிகள் பழைய வேதத்தைத் திருத்தியதை அவர் கடுமையாக எதிர்த்தார். எங்கள் முன்னோர் கேட்டு விசுவாசித்த வாசகத்தை நேற்று வந்தவர்கள் எப்படி மாற்றலாம் என்பது அவர் வாதத்தின் சாரம். அந்த வேதனை நியாயமானது. ஆனால் அதே எதிர்ப்பில், ஆலயத்தில் சாதிவாரியாகத் தனித்தனியே உட்காரும் வழக்கத்தையும் அவர் காத்து நின்றார். 1833இல் ஆங்கிலிக்கப் பேராயர் டேனியல் வில்சன் சபையில் சாதி வேற்றுமை கூடாது என்று ஆணையிட்டபோது தஞ்சை வேளாளக் கிறிஸ்தவர் பலர் முறித்துக்கொண்டார்கள். 1840களில் லைப்சிக் மிஷன் லுத்தரன்கள் சாதி விஷயத்தில் மென்மையாக நடந்துகொண்டதால், அப்படிப் பிரிந்தவர்களில் ஒரு பகுதியினர் அங்கே போய்ச் சேர்ந்தார்கள்.

பவுல் கொரிந்தியரைக் கண்டித்ததும் இதே குற்றத்துக்காகவே. பணக்காரர் முன்னதாக வந்து தின்று குடிக்க, வேலை முடித்துப் பிந்தி வந்த ஏழை பசியோடு நின்றதைப் பார்த்து, இது கர்த்தருடைய பந்தியே அல்ல என்று எழுதினார். யூதன், கிரேக்கன், அடிமை, சுயாதீனன் என்ற பேதம் இல்லை என்று கலாத்தியருக்கு எழுதியதும் அவரே. இந்த வரிகள் பப்ரிசியுஸிலும் இருந்தன, ஐக்கிய மொழிபெயர்ப்பிலும் இருந்தன. மொழிபெயர்ப்பின் ஒவ்வொரு சொல்லுக்காகவும் போராடியவர்கள் இந்த வரிகளுக்கு முன்னால் கண்ணை மூடிக்கொண்டார்கள். எழுத்து ஒரு கூட்டத்தை உருவாக்கும் என்பது உண்மை. தனக்குப் பிடிக்காத எழுத்தைக் கேளாமலிருக்கும் திறமையும் அந்தக் கூட்டத்துக்கு உண்டு.

பாட்டின் கதை இதற்கு நேர்மாறு. வேதம் பிரித்த இடத்தில் பாட்டு சேர்த்தது. கி.பி. 112 வாக்கில் பித்தினியாவின் ஆளுநர் பிளினி பேரரசன் டிராஜனுக்கு எழுதிய அறிக்கையில், கிறிஸ்தவர்கள் குறித்த நாளில் விடியுமுன் கூடிக் கிறிஸ்துவைக் கடவுளாகப் பாடுகிறார்கள் என்று குறித்திருக்கிறார். வெளியாள் ஒருவர் அவர்களைப் பற்றி முதலில் அறிந்துகொண்ட செய்திகளில் ஒன்று, அவர்கள் பாடுகிறார்கள் என்பது! பிலிப்பியருக்கு எழுதிய நிருபத்தின் இரண்டாம் அதிகாரத்தில் பவுல் அவருக்கும் முந்திய ஒரு சபைப்பாட்டையே எடுத்தாண்டிருக்கிறார் என்பது பல அறிஞர்களின் கருத்து. நம் பக்கத்திலும் அப்படித்தான். பப்ரிசியுஸ் ஜெர்மனிலிருந்து ஆக்கிய ஞானப்பாட்டுகள் லுத்தரன்களிடம் தங்கிவிட்டன. சாஸ்திரியாரின் கீர்த்தனைகளோ எல்லா வேலியையும் தாண்டின. மெதடிஸ்டும் ஆங்கிலிக்கரும் லுத்தரனும் கிறிஸ்துமஸ் பஜனையில் ஒரே பாட்டைப் பாடினார்கள். ராகம் தெரிந்தவருக்குப் புத்தகம் தேவையில்லை. எந்தச் சபை என்ற கேள்வியும் எழாது.

கத்தோலிக்கரின் கதை வேறு தடத்தில் ஓடுகிறது. கோலாலம்பூர்ப் புடுவில் புனித அந்தோணியார் ஆலயமும், கிள்ளானில் 1928இல் எழுந்த லூர்து மாதா ஆலயமும் தமிழ்க் கத்தோலிக்கரின் பெரிய ஆலயங்கள். (பிரிக்பீல்ட்ஸிலேயே உள்ள செபமாலை மாதா ஆலயம் தொடக்கத்தில் சீனக் கத்தோலிக்கருக்காக எழுந்தது.) 1960களில் இரண்டாம் வத்திக்கான் சங்கம் முடியும் வரை பூசை லத்தீனில் நடந்தது. வீட்டில் வேதாகமத்தை வைத்து வாசிக்கும் பழக்கம் குறைவு. ஆதிச் சபையின் எழுத்து அவர்களுக்கு வேறு உருவில் வந்து சேர்ந்தது: அப்போஸ்தலர் கதைகள், வேதசாட்சிகள் கதைகள். 1586இலேயே முத்துக்குளித்துறைப் பரதவர்களுக்காக அன்றிக்கி அடிகளார் புனிதர் வரலாறுகளைத் தமிழில் அச்சிட்டுவிட்டார். தமிழில் அச்சேறிய தொடக்க கால நூல்களில் அது ஒன்று. யார் யாருக்காக இறந்தார் என்ற கதையைச் சொல்லிச் சொல்லியே ஆதிச் சபை தன்னை அடையாளம் கண்டுகொண்டது. செபமாலை முடிந்த பின் தோட்டத்து வீடுகளில் சொன்ன கதைகளும் அதே வேலையைச் செய்தன.

அந்தக் கதைகளில் ஒன்று பிரிக்பீல்ட்ஸுக்கு நேரடியாகச் சொந்தம். மூன்றாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் சிரியாவில் எழுதிய தோமாவின் பணிகள் என்ற நூல், அப்போஸ்தலன் தோமா ஆபான் என்ற வணிகனுக்கு அடிமையாக விற்கப்பட்டு இந்தியாவுக்குக் கப்பலேறியதைச் சொல்கிறது. குந்தபரன் என்ற அரசன் மாளிகை கட்டப் பணம் கொடுக்கிறான். தோமா அதை ஏழைகளுக்குப் பகிர்ந்துவிட்டு, உன் மாளிகை பரலோகத்தில் எழும்பிவிட்டது என்கிறார். கட்டுக்கதை என்று பலர் ஒதுக்கிய நூல் இது. பத்தொன்பதாம் நூற்றாண்டில் அந்த அரசனின் பெயர் பொறித்த காசுகள் வடமேற்கில் கிடைத்தபோது அறிஞர்கள் நிமிர்ந்து உட்கார்ந்தார்கள். அரசன் உண்மை, பயணம் உண்மையா என்பது வேறு கேள்வி. 367இல் அலெக்சாந்திரியாவின் அத்தனாசியுஸ் வகுத்த புதிய ஏற்பாட்டின் 27 நூல்களின் பட்டியலில் இந்த நூலுக்கு இடமில்லை. ஆனாலும் கேரளத்து சிரியன் கிறிஸ்தவர்களின் தோமா மரபும் நம் சாந்தோம், பரங்கிமலை மரபும் இந்த நூலோடு உறவுள்ளவை. தோட்டத்துக் கிராணிகளாகவும் ஆசிரியர்களாகவும் மலாயாவுக்கு வந்த மலையாளிகள் பிரிக்பீல்ட்ஸில் புனித மரியாள் பெயரில் சிரியன் ஆர்த்தடாக்ஸ் ஆலயம் எழுப்பினார்கள். எங்கள் விசுவாசம் வெள்ளைக்காரன் கொடுத்ததல்ல என்று அவர்கள் காலனி ஆட்சிக்காலத்திலேயே தலைநிமிர்ந்து சொல்ல முடிந்ததற்குப் பின்னால் இந்தத் தோமா மரபு நிற்கிறது. பட்டியலுக்குள் இடம் கிடைக்காத எழுத்தும் ஒரு சமூகத்தைத் தாங்கிப் பிடிக்கும்.

எழுத்தின் வலிமையை அதிகாரம் எப்போதும் அறிந்தே வைத்திருக்கிறது. 303இல் பேரரசன் டயோக்ளீசியன் ஆலயங்களை இடிக்கவும் வேதநூல்களை எரிக்கவும் ஆணையிட்டான். நூல்களை ஒப்படைத்த குருக்களை மன்னிப்பதா கூடாதா என்ற தகராறில் ஆப்பிரிக்கத் திருச்சபை இரண்டாகப் பிளந்து, அந்தப் பிளவு நூற்றாண்டுக்கு மேல் நீடித்தது. நம் காலத்தில், 2009இல், கிள்ளான் துறைமுகத்தில் வந்திறங்கிய சுமார் 5,000 மலாய் வேதாகமங்கள் தடுத்து வைக்கப்பட்டன. 2011இல் அரசு ஏற்பாடு ஒன்றுக்குப் பிறகு விடுவிக்கப்பட்டன. இரண்டையும் ஒரே தட்டில் வைப்பது தவறு. ரோமப் பேரரசில் உயிர் போனது, இங்கே வழக்காடவும் பேசித் தீர்க்கவும் வழி இருந்தது. அந்த வேதாகமங்கள் தமிழருக்காக வந்தவையும் அல்ல. மலாய் மொழியில் வழிபடும் கிறிஸ்தவர்கள் பெரும்பாலும் சபா, சரவாக் மக்கள். ஆனால் அதே ஆண்டுகளில் வழக்குமன்றம் ஏறிய ஹெரால்டு வார இதழ் ஆங்கிலம், மலாய், சீனம், தமிழ் என்று நான்கு மொழிகளில் வந்த கத்தோலிக்க இதழ். வேறு மொழிக்காரரின் வேதத்துக்கு வந்த சிக்கல் தங்களுக்கும் உரியது என்று தமிழ் விசுவாசிகளும் உணர்ந்தார்கள்.

பழைய மொழிபெயர்ப்புச் சண்டைகள் இன்று தணிந்துவிட்டன. லுத்தரன்களும் காலப்போக்கில் மற்றவர்களின் வேதாகமத்தைக் கையில் எடுத்தார்கள். 1995இல் தமிழ்நாட்டில் கத்தோலிக்கரும் புராட்டஸ்டண்டுகளும் சேர்ந்து உழைத்த திருவிவிலியம் வெளிவந்தது. இன்றைய சிக்கல் வேறு. பேரப்பிள்ளைகள் ஆங்கில ஆராதனைக்குப் போகிறார்கள். தமிழ் வாசகம் காதில் விழுந்தாலும் கையில் உள்ள எழுத்தை வாசிக்கத் தெரியாதவர்கள் பெருகுகிறார்கள். லயத்தில் ஒருவர் வாசிக்க மற்றவர் கேட்ட நிலைமை வேறு காரணத்தால் திரும்பி வருகிறது.

இந்த அத்தியாயத்தை எழுதும்போது நான் அதிகம் தேடியது அச்சிட்ட பக்கங்களைவிட அச்சிடாத பக்கங்களையே. பழைய குடும்ப வேதாகமங்களின் முன்னாலும் பின்னாலும் வெற்றுத் தாள்கள் இருக்கும். தாத்தா கப்பலேறிய தேதி, துறைமுகத்தின் பெயர், மூத்த பிள்ளையின் ஞானஸ்நானம், எந்தத் தோட்டத்தில் பிறந்தது, யார் ஞானத்தாய், எந்த ஆண்டு எந்த நோயில் இறந்தது என்று மை மங்கிய எழுத்தில் எழுதியிருப்பார்கள். ஒரே தாளில் மூன்று தலைமுறையின் கையெழுத்து இருக்கும். அரசுப் பதிவேட்டில் இல்லாத தோட்டத்துப் பிறப்புகள்கூட அங்கே இருக்கும். நம் மழையும் கரையானும் அவற்றை ஆண்டுதோறும் தின்றுகொண்டிருக்கின்றன. வீடு மாறும்போதும் பெரியவர் இறக்கும்போதும் பழைய புத்தகம் என்று தூக்கிப் போடுகிறவர்களும் உண்டு.

வாசகர்களிடம் ஒரு வேண்டுகோள். உங்கள் வீட்டில் அப்படி ஒரு வேதாகமமோ, ஞானப்பாட்டுப் புத்தகமோ, செபப் புத்தகமோ, ஆலயத்தின் பழைய ஆண்டுமலரோ இருந்தால் அதன் எழுதிய பக்கங்களைப் படமெடுத்து வையுங்கள். எழுத்து மங்கியிருந்தால் வீட்டுப் பெரியவரை வாசிக்கச் சொல்லி, அவர் சொல்வதைத் தனித் தாளில் எழுதிக்கொள்ளுங்கள். ஒரு படியை உங்கள் சபை அலுவலகத்தில் கொடுத்து வையுங்கள். தோட்டங்கள் துண்டாடப்பட்டு, பதிவேடுகள் தொலைந்துபோன கிள்ளான் வட்டாரத்துக்கு இந்தத் தாள்களே மிஞ்சிய ஆவணம்.

(தொடரும்)